உறுதியில் உள்ளபடி

கோப்பாய்ப் பிரதேச செயலகம். செவ்வாய்க்கிழமை, பத்தரை.
மதிப்பீட்டாளன் சின்னப் பெடியன்,
பெயர் அகீபன் என்று மேசைப் பலகை சொல்கிறது.
"இருங்கோ அன்ரி" என்றான்,
மின்விசிறியை என் பக்கம் திருப்பிவிட்டான்.
சண்டைக்கு வந்தவளுக்கு
அது ஒரு நட்டம்தான்.

பரப்பைப் பேர்ச்சாக்கினான்.
இரண்டு பரப்பு ஆறு குழி,
இருபத்து மூன்று சொச்சம்.
எண் கூடியது, காணி குறைந்தது மாதிரி இருந்தது.

"தண்ணித் தாங்கிக்குத்தானே அன்ரி, பொதுத்தேவை."
நான் தண்ணிக்கு எதிரி இல்லை என்றேன்.
அதையும் எழுதிக்கொண்டான்.

பூவரசங் கதியாலுக்கு விலை இல்லை.
பனை மூன்று, உண்டு.
வெங்காயம் கிண்டியாச்சு, ஆகவே இல்லை.
பரப்புக்கு இரண்டரை லட்சம்.

இந்த விலை எங்கே முளைத்தது, தம்பி?
ஊரெழுவில் இரண்டரைக்கு
ஒரு வாசற்படி வாங்கித் தா பார்ப்போம்
என்று குரலை உயர்த்தினேன்.
வாங்கிலிருந்தவர்கள் தலையாட்டினார்கள்.
அவன் கோப்பைத் திருப்பி என் பக்கம் தள்ளினான்.
"வேற காணியோட ஒப்பிடத் தேவையில்லை.
இதே காணிதான். மூண்டு வருஷத்துக்கு முந்தின உறுதி."
கொள்வனவாளர்: குணபாலசிங்கம் யோகசௌந்தரி.
என் கையொப்பம்,
சற்றே சரிந்து, அவசரத்தில்.

அவசரம் என்னுடையது அல்ல.
விற்றவள் தயாநிதி, இவருடைய ஒன்றுவிட்ட தங்கை.
மகனை அனுப்ப ஏஜென்சிக்காரன்
வெள்ளிக்கிழமைக்குள் காசு கேட்டிருந்தான்.
நான் வியாழக்கிழமை போனேன்.
ஏழுக்குப் போகிற காணி.
ஐந்து என்றேன்.
அவள் மணிக்கூட்டைப் பார்த்தாள்,
பிறகு என்னை.
நொத்தாரிசு கண்ணாடியைத் துடைத்தபடி
"இரண்டரை எண்டு போடுவம், முத்திரைக் காசு மிச்சம்" என்றார்.
போட்டோம்.
அந்த மிச்சத்தில்தான்
பழைய தண்ணிப்பம்பு ஒன்று வாங்கினேன்,
இன்றைக்கும் இழுத்தவுடன் பற்றும்.

அந்த இரண்டரை இப்போது
முத்திரையோடும் சாட்சி இரண்டோடும்
கதிரை இழுத்துப்போட்டு என் முன்னால் இருக்கிறது.
அரசாங்கம் பொய் சொல்லவில்லை.
நான் சொன்னதைத் திருப்பிச் சொல்கிறது.

"சரியான விலையைச் சொல்லுங்கோ அன்ரி,
ஆதாரம் இருந்தா நான் எழுதுறன்."
உண்மையாகத்தான் கேட்டான்.
ஏழென்றால்
பரப்புக்கு இரண்டு தயாநிதிக்குக் கடன்.
ஐந்தென்றால்
முத்திரைக் காசைக் கள்ளமடித்தவள்.
இரண்டரை என்றால்
நான் யாருக்கும் ஒன்றும் செய்யவில்லை,
எனக்கும் ஒன்றும் இல்லை.

பேச்சை மாற்றக் கிணற்றைக் கேட்டேன்.
"கிணறு எடுபடேல்ல. அது அங்கால வளவுக்குள்ள.
உங்கட ஆறிலொரு பங்கு உங்களுக்கே."
நிலம் போனபின்
செவ்வாய் பின்னேரம் நாலிலிருந்து ஆறரை வரை
எனக்கு ஒரு கிணறு இருக்கும்.
குடத்தில் பிடித்து
எங்கே ஊற்றுவது என்று படிவத்தில் கட்டமில்லை.
பங்காளிகள் ஐந்து பேருக்கும் கடிதம் போயிருக்கிறதாம்.
இரண்டு ஸ்காபரோவில்.
ஒன்று, யாருக்கும் தெரியாத இடத்துக்கு;
பதிவுத்தபால் போய்த் தேடிவிட்டு
'பெறுநர் இல்லை' என்று
ஒரு கிழமையில் திரும்பிவிட்டது.
அவன் மனுசி பதினாறு வருஷமாய்
அந்த இரண்டு சொல்லில் கையெழுத்து வைக்கவில்லை.

கோரும் தொகை என்ற கோட்டுக்கு மேலே
பேனை நின்றது.
தவணை கேட்டேன். இரண்டு கிழமை தந்தான்.
"உறுதியைவிட வேற கடுதாசி ஏதும் இருந்தாக் கொண்டுவாங்கோ."
தயாநிதி எழுதித் தந்த
மிச்சக் காசுப் பற்றுச்சீட்டு
அலுமாரிக்குள், சேலைக்கடியில் இருக்கிறது.
ஐந்து என்று அவள் கையெழுத்தில்.

வாசலில் வாகை மரத்தடியில் நின்று
அவளுக்கு எடுத்தேன்.
மகன் இன்னும் ஜகார்த்தாவில்
ஒரு அட்டைக்குக் காத்திருக்கிறானாம் என்று கேள்வி;
மூன்று வருஷமாய் நான் விசாரிக்கவில்லை.
நாலு தரம் அடித்தது.
எடுத்தவள் சுகம் கேட்கவில்லை.
"காணிக்கு எவ்வளவு தாறாங்களாம், மச்சாள்?"